அரங்கேற்றப் பெண்ணுக்கு எந்த நூல்? ஆடியவர்களின் வாழ்க்கை நூல்கள்: ஓர் ஒப்பீடு

ஜூன், டிசம்பர் பள்ளி விடுமுறைகள் நெருங்கினால் போதும், எனக்கு ஒரே மாதிரியான வாட்ஸ்அப் செய்திகள் வரத் தொடங்கிவிடும். “அக்கா, சொந்தத்துல ஒரு பிள்ளைக்கு அரங்கேற்றம். நல்ல புத்தகமா ஒன்னு கொடுக்கணும், எது வாங்கலாம்?” சிங்கப்பூரில் எங்கள் வட்டார நூலகத்தில் தமிழ் வாசிப்புக் குழு ஒன்றை நடத்தி வருகிறேன். என் மகளும் பத்து ஆண்டுகள் சலங்கை கட்டியவள். அதனால் இந்தக் கேள்வி சுற்றிச் சுற்றி என்னிடம் வந்து சேர்கிறது.

சென்ற மாதம் கேட்டவர் ஒரு தாய்மாமன். அக்கா மகளுக்கு அரங்கேற்றம். “நகையெல்லாம் அக்கா பாத்துக்கிட்டாங்க. மாமன் சீரா நான் புத்தகம்தான் கொடுக்கணும்னு இருக்கேன்” என்றார். நல்ல மனிதர், ஏற்கெனவே தேடிப் பார்த்திருந்தார். பரதக் கலைஞர் பாலசரஸ்வதியின் வாழ்க்கை வரலாறு, கலாக்ஷேத்ரா நடனப் பள்ளியைத் தொடங்கிய ருக்மிணி தேவியைப் பற்றிய நூல், ஒரு சீன பாலே கலைஞரின் கதை, யாராவது ஒருவருடைய தன்வரலாறு என்று நான்கில் வந்து நின்றுவிட்டார். நான்கும் நல்ல நூல்கள்தான். ஆனால் நான்கும் ஒரே பெண்ணுக்குப் பொருந்தாது. அவருக்குச் சொன்னதைக் கொஞ்சம் விரித்து இங்கே எழுதுகிறேன்.

## முதலில் எதைப் பார்ப்பது

நான் முதலில் பார்ப்பது, பேனா யார் கையில் இருக்கிறது என்பதை. ஆடியவரே எழுதியதா, குடும்பத்தார் எழுதியதா, மாணவி எழுதியதா, வெளியாள் எழுதியதா? ஒரே வாழ்க்கையை இந்த நால்வரும் எழுதினால் நான்கு விதமாக இருக்கும். மாணவி எழுதினால் குருவின் கோபம் கூட அன்பாகத்தான் வரும். குடும்பத்தார் எழுதினால் வீட்டுக்குள் நடந்தது கிடைக்கும், வெளியே மற்றவர்கள் என்ன பேசினார்கள் என்பது குறைந்துவிடும்.

இரண்டாவது, பக்கங்களில் ஆட்டம் இருக்கிறதா என்பது. பல வாழ்க்கை நூல்களில் விருது, பயணம், திருமணம், மனக்கசப்பு எல்லாம் இருக்கும். காலையில் எழுந்து என்ன பயிற்சி செய்தார், எந்த அடவில் (அடிப்படை ஆட்ட அசைவில்) திணறினார், பாட்டுக்காரர் எங்கே உட்கார்ந்தார் என்பது மட்டும் இருக்காது. ஆடும் பிள்ளைக்கு அதுதான் வேண்டும்.

மூன்றாவது மொழி. இங்கே வளரும் பிள்ளைகளில் பலர் கதைப் புத்தகம் என்றாலே ஆங்கிலத்தில்தான் எடுப்பார்கள். ஆனால் வீட்டில் தமிழ் வாசிக்கும் பாட்டியோ தாத்தாவோ இருந்தால் கணக்கே மாறிவிடும். அதைப் பிறகு சொல்கிறேன்.

நான்காவது வயது. பன்னிரண்டில் அரங்கேற்றம் செய்யும் பிள்ளையும் இருக்கிறது, பதினெட்டில் செய்யும் பிள்ளையும் இருக்கிறது. கடைசியாகச் செலவு. அட்டையில் போட்டிருக்கும் விலை அதில் ஒரு பகுதிதான்.

## தன்வரலாறு: ஆடியவரே பேசுவது

குரல் நேராகக் காதில் விழும் என்பது தன்வரலாற்றின் பெரிய பலம். இசடோரா டங்கனின் ‘மை லைஃப்’ நூலை இன்று திறந்தாலும் அந்தப் பெண்மணி எதிரே நின்று பேசுவதுபோல இருக்கும். பாலே காலணியைக் கழற்றிப்போட்டு வெறுங்காலோடு ஆடியவர். 1913இல் அவருடைய இரண்டு குழந்தைகள் சேன் ஆற்றில் கார் விழுந்து இறந்தார்கள். அவர் 1927இல் இறந்தபிறகே நூல் வெளிவந்தது. காதல், உறவு, துக்கம் எதையும் மறைக்காமல் எழுதியிருக்கிறார். அதனால் பதினாறு, பதினேழு வயதுக்குக் கீழே நான் இதைக் கொடுக்கமாட்டேன்.

நம் பக்கத்தில் மிருணாளினி சாராபாயின் ‘தி வாய்ஸ் ஆஃப் தி ஹார்ட்’ இருக்கிறது, 2004இல் வந்தது. பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பரதம் கற்றவர், சாந்திநிகேதனில் தாகூரின் நிழலில் இருந்தவர், அகமதாபாத்தில் 1949இல் தர்ப்பணா பள்ளியைத் தொடங்கியவர். சிங்கப்பூர்க்காரர்களுக்கு இதில் இன்னொரு நூலிழையும் உண்டு. அவருடைய அக்காதான் கேப்டன் லட்சுமி. இங்கே மருத்துவராக வேலை பார்த்து, 1943இல் நேதாஜியின் ஜான்சி ராணிப் படைக்குத் தலைமை ஏற்றவர். ஒரு வீட்டில் ஒரு பெண் சலங்கை கட்ட, இன்னொருத்தி துப்பாக்கி ஏந்தியிருக்கிறாள். வரலாற்றுப் பாடத்தில் ஜப்பானியர் ஆட்சிக் காலத்தைப் படிக்கும் உயர்நிலைப் பிள்ளைக்கு இந்த ஒரு செய்தியே புத்தகத்துக்குள் இழுக்கப் போதும்.

தன்வரலாற்றின் குறை என்ன? நினைவு தனக்குப் பிடித்ததைத்தான் பிடித்துவைக்கும். சண்டைகளில் எதிர்த்தரப்பு பேசாது. ஆட்டம் அவருக்குப் பழகிப்போன விஷயம் என்பதால் அதை விளக்கவும் மாட்டார்.

இந்த வகையில் எச்சரிக்கையோடு தொட வேண்டிய நூல் ஒன்று உண்டு. அமெரிக்க பாலே கலைஞர் கெல்சி கிர்க்லண்ட் 1986இல் தன் கணவரோடு சேர்ந்து எழுதிய ‘டான்ஸிங் ஆன் மை கிரேவ்’. போதைப்பொருள், பட்டினி, உடம்பை வெறுக்கும் மனநிலை எல்லாம் அதில் வருகிறது. எலும்பு தெரிய வேண்டும் என்று நடன அமைப்பாளர் பாலன்ஷீன் கெல்சியின் நெஞ்சைத் தட்டிச் சொன்னதாக எழுதியிருக்கிறார். பதின்ம வயதுப் பிள்ளைக்குப் பரிசாகக் கொடுக்கும் நூல் இல்லை இது. ஆனால் நடனப் பிள்ளைகளைப் பெற்றவர்களும் நடன ஆசிரியர்களும் ஒருமுறையாவது வாசிக்க வேண்டும் என்று உறுதியாகச் சொல்வேன். உடை மாற்றும் அறையில் “கொஞ்சம் குண்டாயிட்டியே” என்று நாம் சாதாரணமாகச் சொல்லும் வார்த்தை ஒரு பிள்ளைக்குள் எவ்வளவு தூரம் போகும் என்பது இந்த நூலில் தெரியும்.

## வேறொருவர் எழுதிய முழு வரலாறு

என் மனம் சாய்வது இந்தப் பக்கம்தான்.

பாலசரஸ்வதி. டக்ளஸ் நைட் எழுதிய நூல் 2010இல் ஆங்கிலத்தில் வந்தது. ‘பாலசரஸ்வதி: அவர் கலையும் வாழ்வும்’ என்று அரவிந்தன் மொழிபெயர்ப்பில் க்ரியா அதைத் தமிழில் வெளியிட்டது. நைட் யாரோ வெளியாள் இல்லை. பாலாவின் தம்பி ரங்கநாதனிடம் மிருதங்கம் கற்று, பாலாவின் மகள் லட்சுமியை மணந்தவர். அமெரிக்கராகவும் மருமகனாகவும் மிருதங்கக்காரராகவும் ஒரே ஆள் எழுதியது. அதனால்தான் நூலில் வீடும் இருக்கிறது, தாளமும் இருக்கிறது.

பாட்டி வீணை தனம்மாள், பாடிய அம்மா ஜயம்மாள், புல்லாங்குழல் விஸ்வநாதன், மிருதங்கம் ரங்கநாதன். இப்படி ஒரு வீட்டில் 1918இல் பிறந்த குழந்தை. மயிலாப்பூர் கௌரி அம்மாளின் ஆட்டத்தைப் பார்த்து ஆசைப்பட்டு, கந்தப்ப பிள்ளையிடம் கற்று, 1925இல் ஏழு வயதில் காஞ்சிபுரத்தில் அம்மன் சந்நிதியில் அரங்கேற்றம். நம் பிள்ளைகள் மண்டபம் பிடித்து, அழைப்பிதழ் அச்சிட்டு, மேடை விளக்குக்குத் தனியாக ஆள் வைத்துச் செய்யும் நிகழ்ச்சிக்கும் அதே பெயர்தான். இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கும்போது ‘அரங்கேற்றம்’ என்ற சொல்லுக்கே எடை கூடுகிறது.

புகழ் மட்டும் இருந்தால் அந்த நூலை நான் இவ்வளவு தூரம் பரிந்துரைக்கமாட்டேன். சமூகம் தன் பரம்பரையையே இழிவாகப் பார்த்த காலத்தில் பாலா ஆடினார். 1941இல் கந்தப்ப பிள்ளை இறந்த பிறகு தடுமாறினார், இதய நோயோடு போராடினார். பிறகு 1960களில் டோக்கியோவிலும் எடின்பரோவிலும் அமெரிக்காவிலும் அவரைக் கண்டு உலகம் அசந்தது. சத்யஜித் ராய் அவரைப் பற்றி எடுத்த ஆவணப்படம் 1976இல் வந்தது. 1975இல் தமிழிசைச் சங்க மாநாட்டுத் தலைமை உரையில் பரதநாட்டியக் கச்சேரியைக் கோயிலுக்கு ஒப்பிட்டுப் பேசினார். அலாரிப்பு கோபுரம், ஜதிஸ்வரம் அர்த்த மண்டபம், சப்தம் அடுத்த மண்டபம் என்று உள்ளே போய், பதம் வரும்போது வெளிச்சமும் ஓசையும் அடங்கிய கருவறை, தில்லானா கற்பூர தீபம். மார்க்கத்தை, அதாவது கச்சேரி உருப்படிகளின் வரிசையை, மனப்பாடம் செய்யும் பிள்ளைக்கு, ஏன் இந்த வரிசை என்று இதைவிட அழகாகச் சொன்னவர் இல்லை.

என் வீட்டில் நடந்ததைச் சொல்கிறேன். மகளுக்கு அப்போது பதினேழு. தமிழ்ப் பதிப்பைச் சாப்பாட்டு மேசையில் வைத்துச் சத்தமாக வாசித்துக்கொண்டிருந்தாள், பக்கத்துக்கு நான்கு இடத்தில் நின்று நின்று. ‘சின்ன மேளம்’ என்று வந்ததும் நிறுத்தினாள். “அம்மா, இது என்ன, சின்ன டிரம்மா?” எனக்கே உடனே விளக்க வரவில்லை. வெங்காயம் உரித்துக்கொண்டிருந்த என் மாமியார் தலையை நிமிர்த்தாமல் சொன்னார்: “நாயனமும் தவுலும் பெரிய மேளம். சதிர்க் கூட்டம், அதான் அந்தக் காலத்துப் பரதம் ஆடுறவங்க, சின்ன மேளம். கல்யாணத்துக்குச் சின்ன மேளம் வச்சாங்கன்னு எங்கம்மா பெருமையா சொல்லுவாங்க.” அப்புறம் கத்தியைக் கீழே வைத்துவிட்டு மர அகப்பையை எடுத்து மேசை விளிம்பில் தட்டினார். தெய்யா தெய், தெய்யா தெய். அவர் ஆடக் கற்றவர் இல்லை, பேத்தியின் வகுப்பு வாசலில் பத்து ஆண்டுகள் காத்திருந்து கேட்டது. மகள் எழுந்து அரைமண்டியில் உட்கார்ந்து மூன்று கால வேகத்திலும் ஆடி முடித்தாள். புத்தகம் திறந்தபடியே கிடந்தது, பக்கத்தில் வெங்காயத் தோல்.

அன்றிலிருந்து, வீட்டில் தமிழ் வாசிக்கும் பெரியவர் ஒருவர் இருந்தால் தமிழ்ப் பதிப்பையே வாங்குங்கள் என்று சொல்லி வருகிறேன். பிள்ளையின் தமிழ் எவ்வளவு என்று பார்க்க வேண்டியதில்லை. ஆங்கிலப் பதிப்பைக் கொடுத்திருந்தால் என் மகள் இரண்டு வாரத்தில் தனியாக முடித்திருப்பாள். தமிழ்ப் பதிப்பு ஏழு மாதம் ஆனது, மூன்று பேர் சேர்ந்து முடித்தோம்.

இதற்கும் குறை உண்டு. குடும்பத்துக்குள்ளிருந்து எழுதியது என்பதால் பாலாவின் பார்வையே நூலின் பார்வை. கனமான நூல், பெயர்கள் நிறைய. பதினைந்து வயதுக்குக் கீழ் இருக்கும் பிள்ளை தனியாகத் தொடங்கினால் முதல் அத்தியாயத்திலேயே உறவுமுறைகளில் தொலைந்துபோகும். குடும்ப மரத்தை ஒரு தாளில் வரைந்து நூலுக்குள் செருகி வையுங்கள், உதவும்.

ருக்மிணி தேவி. லீலா சாம்சன் எழுதிய ‘ருக்மிணி தேவி: எ லைஃப்’, இதுவும் 2010இல் வந்தது. சிறு பெண்ணாகக் கலாக்ஷேத்ராவில் சேர்ந்து, பின்னாளில் அதன் இயக்குநராக இருந்தவர் எழுதியது. மாணவியின் பேனா என்று சொன்னேனே, அதற்கு இது நல்ல உதாரணம். ஆனால் நிறுவனத்தின் உள்விவகாரங்களையும் அவர் முழுக்க மூடி மறைக்கவில்லை.

1904இல் மதுரையில் பிறந்து, பதினாறு வயதில் ஜார்ஜ் அருண்டேலை மணந்து, பாலே மேதை அன்னா பாவ்லோவாவின் தூண்டுதலில் நடனத்துக்கு வந்து, முப்பது வயதுக்கு மேல் 1935இல் முதன்முதலாக மேடை ஏறியவர். அடுத்த ஆண்டே கலாக்ஷேத்ரா. மாநிலங்களவை உறுப்பினராக விலங்குவதைத் தடுப்புச் சட்டத்துக்காகப் போராடினார், அது 1960இல் நிறைவேறியது. 1977இல் குடியரசுத் தலைவர் பதவிக்கு மொரார்ஜி தேசாய் அழைத்தபோது மறுத்தார். ஆக, இது ஒரு நடனக்காரியின் கதை என்பதைவிட ஒரு நிறுவனத்தைக் கட்டியவரின் கதை. அரங்கேற்றத்தோடு நிறுத்திவிட்டுச் சட்டமோ வணிகமோ படிக்கப் போகிற பெண்ணுக்கு இது பாலாவின் நூலைவிட நன்றாகப் பொருந்தும்.

பாணியையும் பாருங்கள். சிங்கப்பூரில் கலாக்ஷேத்ரா வழியில் சொல்லித்தரும் ஆசிரியர்கள் கணிசம். 1977இல் இங்கே அப்சரஸ் ஆர்ட்ஸ் என்ற நடன அமைப்பைத் தொடங்கிய நீலா சத்தியலிங்கம் கொழும்பில் பிறந்து கலாக்ஷேத்ராவில் பயின்றவர். அந்தப் பரம்பரையில் வரும் பிள்ளைக்கு இந்த நூல் குருவுக்கு குருவின் கதை. நேர்கோடாக அடவு பிடிக்கச் சொல்லித் தன் டீச்சர் ஏன் அவ்வளவு பிடிவாதம் பிடிக்கிறார் என்பது புரியும்.

இரண்டு நூலையும் வாசித்தவர்களுக்கு ஒரு பெரிய விவாதம் கிடைக்கும். காதல் சுவையான சிருங்காரம்தான் பரதத்தின் உயிர், அதில் அசிங்கம் ஒன்றும் இல்லை என்றார் பாலா. ருக்மிணி தேவி பக்தியை முன்னே வைத்து, சிருங்காரப் பதங்களில் சிலவற்றை மேடைக்கு வேண்டாம் என்று ஒதுக்கினார். நான் பாலாவின் பக்கம். ஆனால் கலாக்ஷேத்ரா இல்லாமல் என் மகள் ஆடியிருக்க மாட்டாள் என்பதும் எனக்குத் தெரியும். கையில் பணம் இருந்தால் இரண்டையும் சேர்த்துக் கொடுங்கள், ஒன்றை மற்றது சமன் செய்யும்.

## பலர் வாழ்வைச் சேர்த்த தொகுப்பு

தஞ்சை பி. எம். சுந்தரம் தமிழில் எழுதிய இரண்டு நூல்கள் இந்த வகையில் தலையாயவை. ‘மரபு தந்த மாணிக்கங்கள்’ சதிர் ஆடிய பெண்களைப் பற்றியது, ‘மரபுவழி பரதப் பேராசான்கள்’ ஆட்டம் சொல்லிக்கொடுத்துத் தாளம் போடும் நட்டுவனார்களைப் பற்றியது. ஒவ்வொருவருக்கும் சில பக்கம், சிலருக்குச் சில வரி. ஊர், குரு, ஆடிய இடம், பெயர் பெற்ற உருப்படி. பெண்களைக் கோயிலுக்குப் பொட்டுக்கட்டுவதைத் தடுத்த 1947ஆம் ஆண்டுச் சட்டம் ஒரு கொடுமையை நிறுத்தியது, அதோடு ஆடிய பெண்களின் மேடையும் போய்விட்டது. அந்தப் பெயர்களில் பெரும்பாலானவை வேறெங்கும் பதிவாகவே இல்லை.

இதைப் பரிசாகக் கொடுத்தால் அரங்கேற்றப் பெண் அலமாரியில் வைத்துவிடுவாள். கதைபோல ஓடாது, ஆங்காங்கே எடுத்துப் பார்க்கும் நூல். ஆனால் ஆசிரியருக்கு, ஆய்வு செய்யும் பல்கலைக்கழக மாணவிக்கு, நட்டுவாங்கம் பழகுகிறவருக்கு இதற்கு ஈடு இல்லை. பிள்ளைக்குப் பாலாவும் குருவுக்குப் ‘பரதப் பேராசான்க’ளும் கொடுத்த ஒரு குடும்பத்தை எனக்குத் தெரியும். அந்த டீச்சர் தன் குருவின் தாத்தா பெயரைப் பக்கத்தில் கண்டதும் புடவைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டாராம்.

## இளையோர் பதிப்பு

பதினான்குக்குக் கீழ் என்றால் எனக்கு யோசிக்கவே வேண்டியதில்லை. லீ சுன்சின் எழுதிய ‘மாவோஸ் லாஸ்ட் டான்ஸர்’. மூல நூல் 2003இல் வந்தது, பிறகு இளையோருக்கான சுருக்கப் பதிப்பும், சின்னப் பிள்ளைகளுக்கு ‘தி பெசண்ட் பிரின்ஸ்’ என்ற படநூலும் வந்தன. சிங்தாவ் நகருக்குப் பக்கத்துக் கிராமத்தில் ஏழு பையன்களில் ஆறாவது. பதினோரு வயதில் பெய்ஜிங் நடனப் பள்ளிக்குத் தேர்ந்தெடுக்கப்படுகிறான். பாலே என்றால் என்னவென்றே தெரியாது, பிடிக்கவும் இல்லை. பிறகு பிடித்துப்போய், மற்றவர்கள் தூங்கும் நேரத்தில் மெழுகுவத்தி வெளிச்சத்தில் சுழன்று பழகுகிறான். அப்பா அவனுக்குச் சொல்வது நமக்கும் பழகிய கிணற்றுத் தவளைக் கதை. 1981இல் அமெரிக்காவிலேயே தங்கிவிட எடுக்கும் முடிவு துப்பறியும் கதையின் வேகத்தில் போகும்.

தன்வரலாறுதான், ஆனால் ஆட்டமும் பயிற்சியும் பக்கம் பக்கமாக இருக்கின்றன. பரதம் இல்லையே என்று சிலர் தயங்குகிறார்கள். தயங்க வேண்டாம். பத்து வயதுப் பிள்ளைக்கு வேண்டியது, தன்னைப்போல் கால் வலித்த இன்னொரு பிள்ளையின் கதை.

## நம் ஊர்க்காரர்கள்

இங்கேதான் எனக்கு ஏக்கம். சாந்தா பாஸ்கர் 1955இல் கேரளத்திலிருந்து இங்கு வந்தார். ‘வண்ணத்துப்பூச்சிக் காதலர்கள்’ என்ற சீனக் காதல் கதையை 1958இலேயே பரதநாட்டியமாக்கினார். 1990இல் சிங்கப்பூரின் கலை விருதான கலாசாரப் பதக்கம் பெற்றார், 2022இல் மறைந்தார். நீலா சத்தியலிங்கம் 1989இல் அதே பதக்கம் பெற்று 2017இல் மறைந்தார். நம் பிள்ளைகள் பலருக்குக் குருவோ குருவின் குருவோ இவர்கள்தான். பாலாவுக்குக் கிடைத்ததுபோல அடவும் வீடும் சேர்ந்த ஒரு முழு நூல் இவர்களுக்குத் தமிழில் வேண்டும். எங்கள் வாசிப்புக் குழு இதுவரை அப்படியொன்றைக் கையில் எடுத்ததில்லை.

பாலே பக்கம் ஒன்று இருக்கிறது. சிங்கப்பூரில் 1948இல் பிறந்து, வாஷிங்டன் பாலே குழுவின் நடன அமைப்பாளராக உலகப் பெயர் எடுத்து, முப்பத்தொன்பது வயதில் 1987இல் இறந்த கோ சூ சான் பற்றி யானெக் ஷெர்கன் எழுதிய நூல். பாலே நட்சத்திரம் மிக்கேல் பரிஷ்னிக்கோவுக்கே நடனம் அமைத்துக் கொடுத்த சிங்கப்பூரர் ஒருவர் இருந்தார் என்பது நம் பிள்ளைகளுக்குத் தெரிய வேண்டும். கடையில் தேடி அலையாமல் நூலகத்தில் பாருங்கள்.

நூலுக்கு அடுத்து இருப்பது குரல். தேசிய ஆவணக் காப்பகத்தின் வாய்மொழி வரலாற்று மையம் 1979 முதல் நேர்காணல்களைப் பதிவு செய்து வருகிறது, நடனக் கலைஞர்களுக்கென்று தனிப் பிரிவே உண்டு. இணையத்தில் பெயரைத் தேடினால் பட்டியல் வரும். சிலவற்றை வீட்டிலிருந்தே கேட்கலாம், சிலவற்றுக்கு அனுமதி கேட்க வேண்டும். காசு செலவில்லை. பொறுமை வேண்டும், நேர்காணல்கள் மணிக்கணக்கில் போகும். எம்ஆர்டி ரயிலில் போகும்போது கேட்கலாம். பரிசாகச் சுற்றிக் கொடுக்க முடியாது என்பது உண்மைதான், ஆனால் ஆடும் பிள்ளை உள்ள எந்த வீட்டிலும் இதைத் தவறவிடக் கூடாது.

## ஒரே பார்வையில்

| வகை | யாருக்குச் சரி | எங்கே இடிக்கும் |
|---|---|---|
| தன்வரலாறு | 16க்கு மேல், ஆங்கிலம் சரளமாக வாசிப்பவர் | ஒரு பக்கப் பார்வை, வயதுக்கு மீறிய செய்திகள் |
| பாலசரஸ்வதி, தமிழ்ப் பதிப்பு | வீட்டில் தமிழ் வாசிக்கும் பெரியவர் உள்ள பிள்ளை | நேரம், நிறையப் பெயர்கள் |
| ருக்மிணி தேவி | கலாக்ஷேத்ரா வழிப் பிள்ளை, பொதுப்பணி ஆர்வம் | ஆட்டம் பல பணிகளில் ஒன்றாகத்தான் வரும் |
| தொகுப்பு நூல் | ஆசிரியர், ஆய்வு மாணவி | தொடர்ந்து வாசிக்க முடியாது |
| லீ சுன்சின், இளையோர் பதிப்பு | 10 முதல் 14 வரை | பரதம் இல்லை |
| வாய்மொழிப் பதிவு | எல்லோருக்கும் | பரிசாகாது, நீளம் |

## விலைக்கு மேல் ஆகும் செலவு

தமிழ் நூலைச் சென்னையிலிருந்து வரவழைத்தால் தபால் செலவு புத்தக விலையைத் தாண்டிவிடுவது உண்டு. வெளிநாட்டு இணையக் கடைகளில் வாங்கும் சிறு பொருளுக்கும் 2023 முதல் ஜிஎஸ்டி உண்டு, இப்போது 9 விழுக்காடு. நான் ஒருமுறை இணையத்தில் ஒரு விற்பனையாளரிடம் வாங்கிய நூல், அரங்கேற்றம் முடிந்து பன்னிரண்டு நாள் கழித்து, மூலை நசுங்கி வந்து சேர்ந்தது. ஆகவே இரண்டு மாதம் முன்னதாகச் சொல்லிவிடுங்கள். ஊருக்குப் போய்வரும் உறவினரிடம் சொல்வது இன்னும் நல்லது, பெட்டியில் ஒரு மூலையில் வந்துவிடும். லிட்டில் இந்தியாவில் தேக்கா பக்கம் இருக்கும் தமிழ்ப் புத்தகக் கடைகளில் கேட்டால் தருவித்தும் கொடுப்பார்கள்.

வாங்கும் முன் நூலகத்தில் எடுத்துப் பாருங்கள். இருபத்தொரு நாள் தவணை. பாலாவின் நூலை முடிக்க அது போதாது, ஆனால் பிள்ளை இருபது பக்கம் தாண்டுகிறதா என்று பார்க்கப் போதும். அரங்கேற்றத்துக்கு முந்தைய ஆறு மாதம் பிள்ளைக்கு மூச்சுவிட நேரம் இருக்காது, ஒத்திகையும் பள்ளியும் உயர்நிலைப் பள்ளி முடிவில் வரும் ‘ஓ’ நிலைத் தேர்வும் சேர்ந்து நெருக்கும். அந்த நேரத்தில் கனமான நூலை நீட்டினால் அது இன்னொரு வீட்டுப்பாடம் ஆகிவிடும். மேடை முடிந்து, கால்கள் ஓய்ந்து, அடுத்து என்ன என்று ஒரு வெறுமை வரும் பாருங்கள், அப்போது கையில் இருக்கட்டும்.

## மாமனுக்குச் சொன்னது

அக்கா மகளுக்குப் பதினாறு. ஆங்கிலத்தில்தான் வாசிப்பாளாம். ஆனால் அம்மாச்சி கூடவே இருக்கிறார், தினமும் தமிழ் முரசு நாளிதழைக் கடைசிப் பக்கம் வரை வாசிக்கிறவர். “அப்ப யோசிக்காதீங்க தம்பி, பாலாவோட தமிழ்ப் பதிப்பை வாங்குங்க” என்றேன். “அவ வாசிப்பாளாக்கா?” என்று தயங்கினார். “அவ தனியா வாசிக்க வேண்டாம். அம்மாச்சிக்கு வாசிச்சுக் காட்டச் சொல்லுங்க.”

வாங்கிவிட்டார். இரண்டு நாள் கழித்து மறுபடியும் அழைத்தார். முதல் பக்கத்தில் என்ன எழுதிக் கொடுப்பது என்று தெரியவில்லையாம். பிள்ளையின் பெயர், தேதி, குருவின் பெயர், அன்று அவள் ஆடும் வர்ணம் என்ற உருப்படியின் முதல் வரி, கீழே ‘மாமா’ என்று எழுதச் சொன்னேன். வர்ணத்தின் முதல் வரி அவருக்குத் தெரியவில்லை. அக்காவிடம் கேட்டால் விஷயம் வெளியே போய்விடும் என்று, ஒத்திகை நடக்கும் அடுக்குமாடி புளோக்குக்குக் கீழே ஒரு சனிக்கிழமை மாலை நின்று கேட்டு எழுதிக்கொண்டு வந்தார்.